இடிக்கல் வளர்த்த கதை: சமையலறையில் ஒரு ரோஷெல் உப்புப் படிகம்

எட்டாம் வகுப்புப் படிக்கும் என் மகள் ஒரு நீளமான கதை எழுதிக்கொண்டிருக்கிறாள். இரண்டு நோட்டு முடிந்து மூன்றாவதில் இருக்கிறாள். அவளுடைய உலகத்தில் வருஷத்தில் பாதி நாள் விடாத இடிமழை. மீதிப் பாதி கும்மிருட்டு. இடி இறங்குகிற மலைச்சரிவில் ‘இடிக்கல்’ என்று ஒன்று கிடக்கும். கண்ணாடி போலிருக்கும் அந்தக் கல் ஒவ்வொரு இடியையும் விழுங்கி உள்ளே வைத்துக்கொள்ளும். இருட்டு மாதங்களில் ஊர்க்காரர்கள் அதைச் சுத்தியலால் தட்டுவார்கள். ஒரு தட்டுக்கு ஒரு வெளிச்சம். யாரிடம் கல் இருக்கிறது, அதில் எத்தனை தட்டு மிச்சம் என்பதில்தான் கதையின் சண்டை எல்லாம்.

ஒரு சாயங்காலம் பால் காய்ச்சப் போனபோது பின்னாலேயே வந்து கேட்டாள்: “அம்மா, நிஜமாவே அப்படி ஒரு கல் இருக்கா?”

என் கையில் கேஸ் லைட்டர் இருந்தது. அடுப்பைத் திருகாமல் லைட்டரை மட்டும் ஒரு முறை அழுத்திக் காட்டினேன். ‘டக்’கென்று நீலப் பொறி. “இதுல பேட்டரி எங்கடி இருக்கு, சொல்லு பார்ப்போம்.” திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பேட்டரி போடும் மூடியே இல்லை. உள்ளே ஸ்பிரிங்கில் பூட்டிய ஒரு குட்டிச் சுத்தியலும், அது அடிக்கிற ஒரு பீங்கான் துண்டும்தான். அடி பட்டதும் அந்தத் துண்டு ஆயிரக்கணக்கான வோல்ட்டைக் கொடுக்கும். லெட் ஜிர்கோனேட் டைட்டனேட் என்று அதற்குப் பெயர். ஈயம் கலந்தது, உலையில் சுட்டது. வீட்டில் செய்ய முடியாது. ஆனால் வீட்டிலேயே வளர்க்கக்கூடிய இன்னொன்று உண்டு என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகு செய்யாமல் இருக்க முடியுமா? ஆவணியில் ஆரம்பித்தது, ஐப்பசி வரை ஓடியது. திருச்சி வெயிலில் இதைச் செய்ய நினைப்பவர்களுக்காக எல்லாவற்றையும் எழுதி வைக்கிறேன். இணையத்தில் கிடைக்கும் குறிப்புகள் பெரும்பாலும் குளிர் ஊர்க்காரர்கள் எழுதியவை. அவர்கள் சொல்கிற ‘அறை வெப்பநிலை’ நம் ஊரில் கிடையாது.

அந்த இன்னொன்று ரோஷெல் உப்பு. பிளஸ் டூ வேதியியல் ஆய்வகத்துக்குள் போனவர்கள் எல்லோரும் அதைத் தொட்டிருப்பார்கள். சர்க்கரையைச் சோதிக்கிற ஃபெலிங் கரைசல் இரண்டு பாட்டிலாக இருக்கும். நீலமாக இருப்பது ஏ. நிறமில்லாமல் இருக்கும் பி பாட்டிலில் காரத்தோடு சேர்ந்து கரைந்திருப்பது இந்த உப்புதான். வேதிப்பெயர் சோடியம் பொட்டாசியம் டார்ட்ரேட். பிரான்சின் லா ரோஷெல் துறைமுகத்தில் 17ஆம் நூற்றாண்டில் செய்னெத் என்ற மருந்துக்காரர் குடும்பம் இதைப் பேதி மருந்தாகச் செய்து விற்றது. ஊர்ப் பெயரே உப்புக்கு ஒட்டிக்கொண்டது. பேதி மருந்தாகவே இருநூறு வருஷம் கிடந்த உப்பை 1880இல் பாரிஸில் ஜாக் கியூரி, பியர் கியூரி என்ற அண்ணன் தம்பி இருவரும் அழுத்திப் பார்த்தார்கள். குவார்ட்ஸ், டூர்மலின், புஷ்பராகம், கரும்புச் சர்க்கரைப் படிகம், ரோஷெல் உப்பு எல்லாமே அழுத்தினால் மின்சாரம் தந்தன. நம் பாடப் புத்தகத்தில் அதற்கு அழுத்தமின் விளைவு என்று பெயர்.

கரும்புச் சர்க்கரைப் படிகம் என்றால் கற்கண்டு. இதைச் சொன்னதும் மகள் டப்பாவிலிருந்து ஒரு கற்கண்டை எடுத்துக்கொண்டு கதவைச் சாத்திவிட்டாள். விளக்கை அணைத்து, கண் இருட்டுக்குப் பழகும்வரை ஐந்து நிமிஷம் உட்கார்ந்திருந்து, கொறடால் நசுக்கினோம். உடைகிற கணத்தில் மெல்லிய நீல வெளிச்சம், பூச்சி கண் சிமிட்டுவது போல. படிகம் பிளக்கும்போது இரு பக்கமும் எதிரெதிர் மின்னூட்டம் பிரிந்து, இடையில் இருக்கும் காற்றின் நைட்ரஜனை ஒளிரவைக்கிறது. அரைக் கிலோ கற்கண்டு அன்றே பொடியாகிவிட்டது. அது பாயசத்துக்கு ஆயிற்று.

ரோஷெல் உப்புக்கு வேண்டியவை இரண்டே பொருள். கேக் சாமான் விற்கும் கடையில் கிடைக்கும் க்ரீம் ஆஃப் டார்ட்டார், அப்புறம் ஆப்ப சோடா. முதலாவது பொட்டாசியம் பைடார்ட்ரேட். திராட்சை மது ஊறும் பீப்பாயின் உள்பக்கம் படிகிற உப்பு. அதிலிருக்கும் டார்டாரிக் அமிலம் நம் புளிக்குப் புளிப்புத் தருகிற அதே அமிலம். “அப்ப புளியிலேருந்தே செய்யலாமே” என்றாள். செய்யலாம், ஆனால் புளிக்கரைசலில் இருக்கும் சர்க்கரையையும் பிசினையும் நிறத்தையும் பிரிப்பது பெரிய வேலை. கடைப் பொடியே போதும் என்று முடிவு செய்தோம்.

ஆப்ப சோடாவை அப்படியே போட்டாலும் வேலை நடக்கும். நான் அதை முதலில் வறுத்து வாஷிங் சோடாவாக, அதாவது சோடியம் கார்பனேட்டாக மாற்றிக்கொண்டேன். நுரை பாதியாகக் குறையும், பாத்திரம் பொங்கி வழியாது. 100 கிராம் சோடாவை எவர்சில்வர் வாணலியில் சிறு தீயில் போட்டுக் கிளறினேன். இரண்டு மூன்று நிமிஷத்தில் பொடி தண்ணீர் போல நெகிழ்ந்து ஓட ஆரம்பித்தது. கரண்டியை நடுவில் வைத்தால் சுற்றிலும் குமிழ் கிளம்புகிறது, கொதிக்கிற பாலைப் போல. பொடிக்குள்ளிருந்து நீராவியும் கரியமில வாயுவும் வெளியேறுவதால் வருகிற ஓட்டம் அது. மகள் கரண்டியை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டு அரை மணி நேரம் விடவில்லை. ஓட்டம் நின்றதும் நிறுத்தேன்: 68 கிராம். கணக்குப்படி 63 வரவேண்டும். மறுபடி கால் மணி நேரம் வறுத்து நிறுத்ததில் 63 காட்டியது. தராசு ஒன்று இருந்தால் ‘வறுபட்டதா இல்லையா’ என்ற சந்தேகமே வராது. அலுமினியப் பாத்திரம் மட்டும் வேண்டாம். இந்தச் சோடா அலுமினியத்தை அரிக்கும்.

முதல் தடவை தோற்றது தண்ணீரால். எங்கள் வீட்டுப் போர் தண்ணீர் கடினநீர். வாளியில் வெள்ளைப் படிவு விடும். அதிலேயே கரைத்தேன். எல்லாம் கரைந்து முடிந்த பிறகும் மோர்த்தண்ணீர் மாதிரி ஒரு கலங்கல் போகவே இல்லை. தண்ணீரிலிருந்த கால்சியம், பொடியின் டார்ட்ரேட்டோடு சேர்ந்து கரையாத கால்சியம் டார்ட்ரேட் ஆகிவிட்டது. நூறு கிராம் பொடி வீண். இரண்டாம் தடவை இன்வெர்ட்டர் பேட்டரிக்கு ஊற்றுகிற காய்ச்சி வடித்த நீர் வாங்கி வந்தேன். அதற்கப்புறம் கலங்கல் என்ற பேச்சே இல்லை.

அளவு இது: 200 கிராம் க்ரீம் ஆஃப் டார்ட்டார், 300 மில்லி நீர். பெரிய பாத்திரத்தில் வெந்நீர் வைத்து அதற்குள் சின்னப் பாத்திரத்தை இறக்கிச் சூடாக்க வேண்டும். நேரடித் தீ வேண்டாம். க்ரீம் ஆஃப் டார்ட்டார் தண்ணீரில் லேசில் கரையாது. அரிசி களைந்த கழுநீர் போல வெள்ளையாக நிற்கும். அதில் வறுத்த சோடாவை அரை ஸ்பூன் போட்டால் ‘ஸ்ஸ்’ஸென்று நுரை எழும்பி அடங்கும். அடங்கிய பிறகு அடுத்த அரை ஸ்பூன். கணக்குப்படி 56 கிராமில் முடியவேண்டும். கடைசி இரண்டு ஸ்பூனில் நடப்பதை எத்தனை தடவை வேண்டுமானாலும் பார்க்கலாம்: அதுவரை வெள்ளையாக இருந்த கலவை அடியிலிருந்து தெளிந்துகொண்டே வந்து, பாத்திரத்தின் அடித்தட்டில் இருக்கும் கீறல் வரைக்கும் கண்ணுக்குத் தெரிகிறது. நுரை நின்ற இடத்தில் நிறுத்திவிட வேண்டும். நாலாக மடித்த பழைய வேட்டித் துணியில் ஒரு தடவை, ஃபில்டர் பேப்பரில் ஒரு தடவை வடிகட்டினேன். இதிலிருந்து அதிகபட்சம் 300 கிராம் உப்பு கிடைக்கும். படிகம் ஆகும்போது உப்பின் ஒவ்வொரு மூலக்கூறும் நாலு தண்ணீர் மூலக்கூறுகளைத் தன்னோடு சேர்த்துக்கொள்வதால்தான் இவ்வளவு எடை.

அந்த நாலு தண்ணீர்தான் இந்தப் படிகத்தின் உயிர். 75 டிகிரி சூட்டில் படிகம் தன் தண்ணீரிலேயே கரைந்து உருகிவிடும். காற்றில் ஈரம் மிகுந்தால் கசியும், மிகவும் காய்ந்துபோனால் தண்ணீரை இழந்து மேலே வெள்ளை பூக்கும். ஒரு காலத்தில் பல இசைத்தட்டுக் கருவிகளில் ஊசியைத் தாங்கும் பகுதியிலும் பல மைக்குகளிலும் இந்தப் படிகம்தான் இருந்தது. எங்கள் அப்பா வீட்டில் ஒரு ரிக்கார்டு பிளேயர் இருந்தது. மழைக்காலம் வந்தால் பாட்டு கம்மிப்போகும் என்று அப்பா சொல்வார். காரணம் எனக்கு இப்போதுதான் விளங்கியது.

இனி திருச்சியின் பிரச்சினைக்கு வருகிறேன். குறிப்புகளில் ‘இரவு அறையில் வைத்தால் காலையில் படிகம்’ என்று இருந்தது. வைத்தோம். காலையில் ஒன்றும் இல்லை. மூன்று நாள் கழித்தும் தெளிந்த சர்பத் மாதிரி அப்படியே இருந்தது. இந்த உப்பைத் தண்ணீர் எவ்வளவு தாங்கும் என்பது சூட்டோடு மிக வேகமாக ஏறுகிறது. இருபது டிகிரி அறையில் மீதெவிட்டிய கரைசலாக, அதாவது தாங்கும் அளவுக்கு மேலேயே உப்பு ஏறியதாக இருப்பது, நம் முப்பத்திரண்டு டிகிரியில் தெவிட்டக்கூட இல்லை. உடனே ஃபிரிட்ஜில் தூக்கி வைத்தேன். அடுத்த நாள் காலை பாட்டிலின் பாதிவரை ஒரே பாறை. ஆயிரக்கணக்கான ஊசிகள் ஒன்றோடொன்று பின்னிக் கெட்டியாகிக் கிடந்தன. தண்ணீரைச் சுண்ட வைப்பதைத் தவிர வேறு வழியில்லை என்று தெரிந்தது. பாறையை மறுபடி கரைத்து, அதே வெந்நீர்ப் பாத்திரத்தில் வைத்து, முதலில் ஊற்றிய 300 மில்லி நீரில் சுமார் ஐம்பது மில்லி ஆவியாகும்வரை விட்டேன். கொஞ்சம் தட்டில் ஊற்றி ஃபேனுக்குக் கீழே வைத்ததில் இரண்டு நாளில் உளுந்து அளவுக்குத் தனித்தனிப் படிகங்கள் கிடைத்தன. அதில் ஓரம் உடையாத, உள்ளே மேகம் இல்லாத நாலைந்தை மகள் லென்ஸ் வைத்துப் பொறுக்கினாள்.

இவைதான் விதை. மெல்லிய தூண்டில் நரம்பில் கட்டி, தீக்குச்சியில் தொங்கவிட்டுக் கரைசலுக்குள் இறக்கவேண்டும். பனங்கற்கண்டு விளைவிக்கும் பானையில் நூல் கட்டுவார்களே, அதே முறைதான். அங்கே நூல் முழுக்கப் படிகம் வேண்டும். இங்கே ஒன்றே ஒன்று வேண்டும், அதனால் நூலுக்குப் பதில் வழவழப்பான நரம்பு.

முதல் விதை ஒரே பிற்பகலில் காணாமல் போனது. காலையில் 28 டிகிரியில் இறக்கினேன். இரண்டு மணிக்கு அறை 35. சூடேறிய கரைசல் இன்னும் உப்பு கேட்டது, விதையைத் தின்றுவிட்டது. பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவள் வெறும் முடிச்சைத் தூக்கிப் பார்த்து முகம் வாடிப்போனாள். இரண்டாவது விதையும் அப்படியே போயிற்று. அப்புறம்தான் மீன்காரர்கள் ஐஸ் போட்டு எடுத்து வரும் தெர்மோகோல் பெட்டி நினைவுக்கு வந்தது. பெட்டிக்குள் தண்ணீர் நிறைந்த எவர்சில்வர் டப்பா, அதற்குள் கரைசல் பாட்டில். வெளியே ஏழு டிகிரி ஏறி இறங்கினாலும் உள்ளே ஒன்றரை டிகிரிக்கு மேல் ஆடவில்லை. பாட்டிலின் அடியில் ஒரு கைப்பிடி பழைய படிகங்களைக் கரையாமலே விட்டு வைத்தேன். சூடு கொஞ்சம் ஏறினால் கரைசல் முதலில் அவற்றைக் கரைக்கும், விதை ஓரளவு தப்பிக்கும். வாயில் துணி கட்டியதால் தண்ணீர் நாளுக்குக் கொஞ்சம் கொஞ்சமாக ஆவியானது. பெட்டியை அம்மிக்கல் கிடக்கும் மூலையில் வைத்து, வாஷிங் மிஷின் ஓடும் பக்கமே போகாமல் பார்த்துக்கொண்டோம். அதிர்ந்தால் புதுப்புது விதைகள் முளைத்துவிடும்.

பதினெட்டு நாள். முதல் வாரம் ஒன்றும் தெரியவில்லை. பத்தாம் நாள் டார்ச் அடித்துப் பார்த்தபோது நரம்பின் முனையில் எதுவுமே இல்லாத மாதிரி இருந்தது. கையை ஆட்டினதும் ஒரு விளிம்பு மட்டும் மின்னியது. கரைசலுக்கும் படிகத்துக்கும் அவ்வளவு ஒற்றுமை. வெளியே எடுத்த நாளில் நீளம் 5 சென்டிமீட்டர், எடை 46 கிராம். நீண்ட பட்டகம், பக்கங்கள் எல்லாம் தட்டை, மூலைகள் கத்தி போல. பின்னால் நோட்டை வைத்தால் எழுத்து வாசிக்க முடிகிறது. தண்ணீரில் கழுவக் கூடாது. டிஷ்யூவால் ஒற்றி, ஸ்பிரிட்டில் ஒரு முறை முக்கி எடுத்து நிழலில் வைத்தோம். அப்படியும் அவள் கட்டைவிரல் வேர்வை ஒரு ரேகை போலப் பதிந்துவிட்டது. இப்போதும் அது இருக்கிறது.

மின்முனைக்கு அலுமினியத் தாள் போதும். எதிரெதிரான இரண்டு அகலப் பக்கங்களில் மெல்லிய பசையால் ஒட்டினேன். ஒயரைத் தாளில் முதலிலேயே முறுக்கிப் பொருத்திவிட வேண்டும். ஒட்டிய பிறகு சால்டரிங் இரும்பைக் கொண்டுபோனால் அந்த இடம் உருகிக் குழி விழும். பழகுவதற்கு வைத்திருந்த சின்னப் படிகத்தில் அது நடந்தது.

வெளிச்சத்துக்கு, லைன் இருக்கிறதா என்று பார்க்கிற டெஸ்டருக்குள் இருக்கும் நியான் குண்டு. பழைய டெஸ்டர் ஒன்றைப் பிரித்து எடுத்தேன். (பிரித்த டெஸ்டரை மறுபடி பூட்டி லைன் பார்க்கப் பயன்படுத்தாதீர்கள், தூக்கிப் போட்டுவிடுங்கள்.) அந்தக் குண்டு எரிய 60 முதல் 90 வோல்ட் வேண்டும், ஆனால் மின்னோட்டம் இம்மியளவு போதும். இந்தப் படிகத்தின் குணமும் அதுதான்: வோல்ட் நிறைய, ஓட்டம் கொஞ்சம்.

ராத்திரி எட்டரை மணி, விளக்கை அணைத்தாயிற்று. படிகத்தை நிமிர்த்தி வைத்து உச்சியில் மரச் சுத்தியால் தட்டினேன். ஒன்றும் இல்லை. ஓங்கித் தட்டினால் உடையும். இன்னும் நாலு தட்டு, அப்போதும் இருட்டு. ஒயர் விட்டிருக்கிறதா என்று பார்த்தேன், விடவில்லை. அன்று அப்படியே மூடி வைத்துவிட்டோம். மகள் சாப்பிடும்போது பேசவே இல்லை.

இரவு பழைய பாடக் குறிப்புகளைப் புரட்டியதில் பதில் கிடைத்தது. ரோஷெல் உப்பின் அமைப்புக்கு நேர் அழுத்தம் பிடிக்காது. அச்சுகளின் வழியே நேராக அழுத்தினால் ஒரு மின்னூட்டமும் வராது. அதற்கு வேண்டியது சறுக்கழுத்தம். சீட்டுக்கட்டை ஒரு பக்கமாகச் சாய்ப்பது போல படிகம் கோணலாக நெகிழவேண்டும். பழைய ரிக்கார்டு பிளேயர் ஊசிகளிலும் படிகத்தை முறுக்கித்தான் ஒலி எடுத்தார்கள். ஆக, மின்முனை ஒட்டிய பக்கங்களைத் தொடாமல், மேல் மூலையிலிருந்து எதிர்க் கீழ் மூலைக்குக் குறுக்காக அழுத்த வேண்டும், 45 டிகிரியில். கண்ணாடித் தட்டின் மேல் ஈரத்துணி விரித்து அந்த இரண்டு மூலைகளையும் மெதுவாகத் தேய்த்துச் சின்னத் தட்டை முகங்கள் ஆக்கினேன். கத்தியும் வேண்டாம், ரம்பமும் வேண்டாம். ஈரத்துணியே இதை வெட்டும்.

மறுநாள் ராத்திரி, கீழ் மூலையை மரக்கட்டையில் ஊன்றி மேல் மூலையை ஒரு தட்டு. ஆரஞ்சு நிறத்தில் பளிச். அவள் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு அத்தை ஜன்னலைத் திறந்துவிட்டார்.

தட்டுவதை விட்டு, கட்டைவிரலால் அழுத்திப் பிடித்துப் பார்த்தபோது இன்னொன்று தெரிந்தது. நியான் குண்டுக்குள் இரண்டு சின்னக் கம்பிகள் உண்டு. அழுத்தும்போது ஒரு கம்பி மட்டும் ஒளிர்கிறது. விரலை எடுக்கும்போது மற்ற கம்பி ஒளிர்கிறது. நேர் மின்சாரத்தில் எதிர்மின்முனை, அதாவது மைனஸ் பக்கக் கம்பிதான் ஒளிரும். அழுத்தினால் ஒரு திசை, விட்டால் எதிர்த் திசை. படிகம் நெளிவதையும் நிமிர்வதையும் கண்ணால் பார்க்கிற மாதிரி. இந்த முழு வேலையில் எனக்கு மிகவும் பிடித்தது இந்த இரண்டு கம்பிகள்தான்.

ஆனால் மகள் சீக்கிரமே யோசனையில் விழுந்துவிட்டாள். “அம்மா, இது ஒண்ணும் சேமிக்கலையே. நாம தட்டினதைத்தான திருப்பிக் கொடுக்குது?”

சரியாகப் பிடித்தாள். இடிக்கல் விழுங்கி வைத்துக்கொள்ளும். ரோஷெல் உப்பு வாங்கிய கையோடு கொடுத்துவிடும். வைத்துக்கொள்ள வேறொன்று வேண்டும். செல்போன் சர்வீஸ் கடை வைத்திருக்கும் என் தம்பியைக் கூப்பிட்டேன். “அக்கா, இதுக்குப் பெரிய கெபாசிட்டர் போட்டா நீ தீபாவளி வரைக்கும் தட்டணும்” என்று சொல்லி, 0.1 மைக்ரோஃபாரட் ஃபிலிம் கெபாசிட்டரும் நாலு சின்ன டையோடும் கொண்டு வந்தான். டையோடு மின்சாரத்தை ஒரு திசையில் மட்டும் விடும். நாலு டையோடைப் பிரிட்ஜாகக் கட்டினால் அழுத்தியதும் விட்டதும் இரண்டும் ஒரே திசையில் போய் கெபாசிட்டரில் சேரும். பிறகு ஒரு பட்டன், ஒரு சிவப்பு எல்இடி.

பத்து தட்டு தட்டி மீட்டரை வைத்தேன். அரை வோல்ட்டில் ஆரம்பித்து நாங்கள் பார்க்கும்போதே பூஜ்யத்துக்கு இறங்கியது. தம்பிதான் கண்டுபிடித்தான்: மீட்டரே குடிக்கிறது. அதன் உள்தடை 10 மெகாஓம். வீட்டு வேலைக்கு அது கணக்கிலேயே வராத அளவு. இங்கே ஒரே நொடியில் கெபாசிட்டரைப் பெருமளவு காலி செய்துவிடும். மீட்டரை எடுத்துவிட்டுத் தட்டினோம். ஆளுக்கு முப்பதாக அறுபது தட்டு. பட்டனை அழுத்தியதும் எல்இடி ஒரு சிமிட்டல் சிமிட்டியது. இருட்டில் நேராகப் பார்த்துக்கொண்டிருந்தால்தான் தெரியும். அடுத்த அறுபது தட்டை அவளே தட்டினாள், எண்ணி எண்ணி.

எவ்வளவு சேர்ந்திருக்கும் என்று உட்கார்ந்து கணக்குப் போட்டோம். கெபாசிட்டர் 4 வோல்ட் ஏறியிருந்தால் உள்ளே இருப்பது ஒரு ஜூலில் பத்து லட்சத்தில் ஒரு பங்குகூட இல்லை. சுவர்க் கடிகாரத்தில் போடுகிற ஒரு பென்சில் பேட்டரியில் சுமார் 10,000 ஜூல். வித்தியாசம் ஆயிரம் கோடி மடங்குக்கும் மேல். நோட்டில் சைபர்களை எழுதிவிட்டுச் சற்று நேரம் பார்த்துக்கொண்டே இருந்தாள். “அப்ப என் ஊர்க்காரங்க பென்சில் பேட்டரியைப் பாத்தா சாமின்னு கும்பிடுவாங்க.”

கதையைத் திருத்தினாள். இடியை விழுங்குவது என்பதை எடுத்துவிட்டாள். இப்போது அவள் உலகத்தில் இடிக்கல் மலையின் அடியில் இருக்கிறது, மலையின் முழுப் பாரமும் அதன்மேல் கோணலாக அமுக்கிக்கொண்டிருக்கிறது. அமுக்கியபோது வந்த மின்சாரம் என்றைக்கோ கசிந்து போய்விட்டது. ஆனால் கல் நெளிந்தே கிடக்கிறது. யாராவது அதை உருவி எடுத்தால் அந்தக் கணம் நிமிரும், அப்போது ஒரே ஒரு முறை வெளிச்சம். நியானின் இரண்டாவது கம்பியிலிருந்து எடுத்திருக்கிறாள். நான் யோசித்துப் பார்த்தேன். இயற்பியலில் எனக்குத் தெரிந்தவரை தப்பில்லை. நெளிந்த பொருளில் இருப்பதும் சேமித்த ஆற்றல்தான். மலையை யார் தூக்குவது என்பது இன்னும் எழுதவில்லை.

படிகத்துக்கு நிறமில்லாத நெயில் பாலிஷ் இரண்டு பூச்சு கொடுத்திருக்கிறேன். காற்றுப் புகாத டப்பாவில் வைத்திருக்கிறோம். சிலிக்கா ஜெல் பொட்டலம் போடவில்லை, அதிகம் காய்ந்தால் வெளுத்துவிடும். ஐப்பசி அடைமழையில் ஒரு வாரம் மூடி சரியாக மூடாமல் இருந்திருக்கிறது. பாலிஷ் படாத கீழ் மூலை கொஞ்சம் பிசுபிசுத்து மழுங்கிவிட்டது. அங்கே மறுபடி தேய்த்துப் பூசினேன். வெளிச்சம் குறையவில்லை.

இன்னொரு பரிசோதனை பாக்கி. இந்த உப்பு −18 டிகிரிக்கும் 24 டிகிரிக்கும் இடையில் மட்டும் வேறொரு நிலையில் இருக்கும். மின்னூட்டம் பிரிந்து நிற்கும் திசையைத் தானாகவே வைத்துக்கொள்ளும், வெளியிலிருந்து மின்புலம் கொடுத்தால் திசையைத் திருப்பிக்கொள்ளும். அமெரிக்காவின் மினசோட்டாவில் ஜோசஃப் வாலசெக் 1921இல் இதைத்தான் வெளியிட்டார். ஃபெர்ரோமின் பண்பு என்று இன்று சொல்வது முதலில் தெரிந்தது இந்தப் பேதி உப்பில்தான். நாங்கள் தட்டிப் பார்த்ததெல்லாம் 24 டிகிரிக்கு மேலே, அதாவது அந்தக் கோட்டுக்கு வெளியே. திருச்சியில் மார்கழி விடியற்காலையில் 24க்குக் கீழே இறங்கும். ஜன்னல் கம்பியில் தெர்மாமீட்டரைக் கட்டி வைத்திருக்கிறாள். மீதிக் கரைசலில் இன்னொரு விதை தொங்குகிறது. இந்தத் தடவை முடிச்சுப் போட்டது அவள்.